ஆடி மாதமும் பீட்சா பாக்கெட்டும்

1

போன வாரம் என் மகள் வள்ளி பள்ளிக்கூடத்திலிருந்து ஒரு தாளைக் கொண்டுவந்து நீட்டினாள். 'எங்கள் வீட்டின் பரம்பரைப் பலகாரம்' என்று ஒரு பக்கம் எழுதச் சொல்லியிருக்கிறார்கள். அவள் எழுதியிருந்தது பீட்சா பாக்கெட். 'இது என் அப்பாவின் ஊரான தென்காசியிலிருந்து வந்தது. அப்பாதான் செய்வார். ஞாயிற்றுக்கிழமை செய்து ஃப்ரீசரில் வைத்தால் ஒரு மாதம் சாப்பிடலாம்' என்று எழுதி, பக்கத்தில் அரைவட்டமாக ஒரு படமும் போட்டிருந்தாள். டீச்சர் அதற்கு ஒரு தங்க நட்சத்திரம் ஒட்டி அனுப்பியிருக்கிறாள்.

நான் சும்மா இருப்பேனா? "ஏம்மா, இது இத்தாலிக்காரன் சரக்கு. தென்காசிக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்? நம்ம வீட்டுப் பண்டம்னா சொதி இருக்கு, உளுந்தஞ்சோறு இருக்கு. அதை எழுதக் கூடாதா?" என்று பிடித்துக்கொண்டேன்.

என் மனைவி கோமதி உள்ளே இருந்து சிரித்தாள். "விடுங்க. அவளுக்கு நெனவு தெரிஞ்ச நாள்லேர்ந்து நீங்க அதைத்தான செய்யுதீங்க. பிள்ளை பொய்யா எழுதிட்டா?"

ஊரில் இதைப் படிக்கிறவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். பீட்சா என்பது வட்டமான தட்டை ரொட்டி. மேலே தக்காளிக் குழம்பைத் தடவி, சீஸைத் துருவிப் போட்டு, அடுப்பில் சுட்டு எடுப்பார்கள். அதே சரக்கை ரொட்டி மாவுக்குள் வைத்து, சோமாசி மாதிரி மடித்து ஓரத்தை ஒட்டிவிட்டால் அது பீட்சா பாக்கெட். சுட்டு ஆறவைத்து உறையப் போட்டுவிட்டால் வேண்டும்போது எடுத்துச் சூடு பண்ணித் தின்னலாம். இவ்வளவுதான் விஷயம். ஆனால் நான்கு வருடத்துக்கு முன்பு இது என் கைக்கு வராமல் போயிருந்தால், வள்ளி இன்று இந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் இருந்திருக்க மாட்டாள், கோமதி இந்த வீட்டில் இருந்திருக்க மாட்டாள். இதை வெளியே சொல்ல இத்தனை நாள் கூச்சமாக இருந்தது. இப்போது சொல்லலாம் என்று தோன்றுகிறது.

2

நாங்கள் எழுபத்து நாலில் இங்கே வந்தோம். ஒஹாயோ மாநிலத்தில் ஒரு சிறு நகரம். எனக்கு டயர் தொழிற்சாலையில் இன்ஜினியர் வேலை. மூத்தவன் குமாரன் அப்போது கைக்குழந்தை. அவன் நர்சரிப் பள்ளிக்கூடம் போக ஆரம்பித்ததும் கோமதி ஆஸ்பத்திரி லேபில் வேலைக்குச் சேர்ந்தாள். மத்தியானம் மூன்று மணிக்குப் போனால் வர இரவு பதினொன்றரை ஆகும். அதன் பிறகுதான் வள்ளி பிறந்தது.

எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. சட்டம் போட்டவன் நான். நேற்று வைத்ததைத் தொட மாட்டேன். இது என் அப்பாவிடமிருந்து வந்தது. தென்காசியில் அவர் இலையில் உட்கார்ந்ததும் கேட்கும் முதல் கேள்வி, "இது இன்னைக்கு வச்சதா?" என்பதுதான். மிஞ்சியதெல்லாம் தொழுவத்துக்குப் போய்விடும். அங்கே சரி. மாடு இருந்தது, வேலைக்கு ஆள் இருந்தது, அம்மாவுக்கு வேறு உத்தியோகம் இல்லை. இங்கே மாடும் இல்லை, ஆளும் இல்லை. சட்டத்தை மட்டும் நான் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்துவிட்டேன்.

கோமதி காலையில் ஐந்து மணிக்கு எழுந்து எங்களுக்குச் சமைப்பாள். மத்தியானம் வேலைக்குப் போகும் முன் ராத்திரிக்கென்று மறுபடி ஒரு உலை வைப்பாள். ஐந்து நாளும் இப்படி, வருடக்கணக்காக. எங்கள் ஃப்ரீசரில் ஐஸ் தட்டும் ஒரு பை பச்சைப் பட்டாணியும்தான் கிடந்தன. ஒரு தடவை அவள் தயங்கித் தயங்கிக் கேட்டாள். "இங்கன எல்லாரும் ஞாயித்துக்கிழமையே வச்சு ஃப்ரீசர்ல போட்டுடுதாங்க. நானும் அப்பிடிச் செய்யட்டா?"

"நம்ம வீட்ல நேத்து வச்சதை மாட்டுக்குத்தான் வைப்பாங்க" என்றேன். பெரிய ஹாஸ்யம் பண்ணிவிட்டதாக நினைப்பு எனக்கு. அவள் அதற்குப் பிறகு கேட்கவில்லை. இதை எழுதும்போது முகம் எரிகிறது, இருந்தாலும் எழுதுகிறேன்.

3

எண்பத்திரண்டு ஆகஸ்டில் தன் தம்பி கல்யாணத்துக்கென்று கோமதி தென்காசிக்குப் போனாள். வள்ளிக்கு நாலு வயது, அவளைக் கூட்டிக்கொண்டு போனாள். குமாரனுக்குப் பள்ளிக்கூடம் இருந்ததால் அவன் என்னோடு. இரண்டு மாதத்தில் வருவதாகப் பேச்சு.

முதல் கடிதத்தில் கல்யாணம் நன்றாக நடந்ததாக எழுதியிருந்தாள். இரண்டாவதில் தன் அம்மாவுக்கு முழங்காலில் வலி, கொஞ்ச நாள் இருந்து பார்த்துவிட்டு வருகிறேன் என்றிருந்தது. மூன்றாவதில் வள்ளியை அங்கேயே பாலர் பள்ளியில் சேர்த்தாயிற்று என்று இருந்தது. எனக்கு அப்போதும் மண்டையில் ஏறவில்லை. பொங்கல் கழித்து வந்த நீலநிற ஏர்மெயில் தாளில் நாலு வரிதான். 'நான் அங்கே வரவில்லை. உங்கள் மேல் கோபம் இல்லை. என்னால் முடியவில்லை. குமாரனைப் பார்த்துக்கொள்ளவும், லீவுக்கு அனுப்பி வைக்கவும்.'

தென்காசியில் மாமா வீட்டில் போன் கிடையாது. எதிர்வீட்டு டாக்டர் வீட்டுக்கு டிரங்கால் போட்டேன். கோமதி வந்து, "லெட்டர் வந்துச்சா?" என்று கேட்டாள். "வந்துச்சு" என்றேன். "வேற என்ன?" என்றாள். குமாரன் பக்கத்தில்தான் நிற்கிறான் என்றேன். ரிசீவரை வள்ளியிடம் கொடுத்துவிட்டாள். நான் குமாரனிடம் கொடுத்தேன். அந்தப் பக்கத்தில் என் மகள், "ஏலே அண்ணா, எப்பம்லே வருவ? இங்கன கோயில் யானை இருக்குலே" என்று கூவுவது எனக்கே கேட்டது. ஆறு மாதத்தில் அவள் இங்கிலீஷைச் சுத்தமாகத் துடைத்துவிட்டிருந்தாள். குமாரன் ரிசீவரைக் கையால் பொத்திக்கொண்டு, அவள் என்ன சொல்கிறாள் என்று என்னிடம் இங்கிலீஷில் கேட்டான். கூடப் பிறந்தவர்கள் இரண்டு பேருக்கு நடுவில் நான் மொழிபெயர்த்துக்கொண்டு நின்றேன். அன்றைக்குத்தான் பயந்தேன். இனி ஒரு வருடம் போனால் இது இரண்டு குடும்பம் ஆகிவிடும் என்று நன்றாகத் தெரிந்தது.

4

அதுவரை எனக்குத் தெரிந்த சமையல் காப்பியும் உப்புமாவும். குமாரன் எத்தனை நாள் உப்புமா தின்பான்? பெரிய கடையில் உறையவைத்த சாப்பாட்டுப் பெட்டிகள் வாங்கிவந்து சூடு பண்ணித் தின்ன ஆரம்பித்தான். ஒருநாள் அட்டையைப் படித்தேன். பன்றி இறைச்சி. நாங்கள் முட்டைகூடச் சேர்க்காத சைவக் குடும்பம். பையனைத் திட்ட வாயைத் திறந்தேன், மூடிக்கொண்டேன். வேறு என்ன வைத்திருந்தேன் அவனுக்கு?

தொழிற்சாலையில் என்னோடு வேலை பார்த்தவர் ஃப்ராங்க். மனைவி விவாகரத்து வாங்கிப் போய் மூன்று வருடம், பிள்ளைகள் மூன்று பேரும் அவரிடம். தினமும் மத்தியானம் அலுமினியத் தாளில் சுற்றி அரைவட்டமாக ஒன்று கொண்டுவருவார். என்ன என்று கேட்டேன். ஞாயிற்றுக்கிழமை ஒரே மூச்சாகச் செய்து ஃப்ரீசரில் போட்டுவிடுவதாகச் சொன்னார். இறைச்சி இல்லாமல் செய்யலாமா என்றேன். தாராளமாக, உள்ளே நீ எதை வைக்கிறாயோ அதுதான் என்றார். பிறகு, கோமதி ஊரிலிருந்து எப்போது வருகிறாள் என்று கேட்டார். நான் ஏதோ முணுமுணுத்தேன். அவர் அந்த ஞாயிற்றுக்கிழமை தன் வீட்டுக்கு வரச் சொன்னார்.

போனேன். ஈஸ்ட்டைச் சர்க்கரை போட்ட வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்து, மைதாவில் ஊற்றிப் பிசைந்து, ஈரத்துணி போட்டு மூடி வைத்தார். மாவு இரண்டு மடங்காகப் பொங்கும்வரை உட்கார்ந்து பேசினோம். அவர் பெண்டாட்டியைப் பற்றி ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. "நான் கவனிக்காமல் இருந்துவிட்டேன்" என்று மட்டும் சொன்னார். பத்து வருடம் கழித்து இன்னொரு கவனிக்காதவனுக்கு நானும் இப்படி மாவு பிசையக் கற்றுக்கொடுப்பேனோ என்று தோன்றியது.

வீட்டில் நானும் குமாரனும் செய்த முதல் ஈடு முப்பது. சுட்டதும் எல்லாவற்றையும் ஒரே பையில் திணித்து ஃப்ரீசரில் போட்டேன். மறுநாள் முப்பதும் ஒன்றோடொன்று ஒட்டி ஒரு பாறாங்கல். சுத்தியலால் தட்டிப் பெயர்த்தோம். குமாரன் விழுந்து விழுந்து சிரித்தான். அவன் சிரித்துப் பார்த்தே மாதக்கணக்காகியிருந்தது. பிறகுதான் தெரிந்தது, தட்டில் ஒன்றோடொன்று படாமல் பரப்பி உறையவிட்டு, அப்புறம்தான் பையில் போட வேண்டும்.

வாரத்தில் மூன்று நாள் அதுதான் சாப்பாடு. முதலில் வாயில் வைக்கவே சங்கடமாக இருந்தது. நேற்று வைத்ததுகூட இல்லை, போன மாதம் வைத்தது. பசிதான் சட்டத்தை உடைத்தது. இரண்டு மாதத்தில் சாம்பார் பொடி போட்ட தக்காளிக் குழம்பும் குடைமிளகாயுமாக என் கைப்பக்குவம் ஒன்று வந்துவிட்டது.

5

இதற்கு நடுவில் இன்னொரு இடி. இந்த நாட்டில் நிரந்தரமாகத் தங்க அனுமதிக்கும் பச்சை அட்டை வைத்திருப்பவர்கள் ஒரு வருடத்துக்கு மேல் வெளியே தங்கினால் அட்டை செல்லாது. மறுபடி முதலிலிருந்து விண்ணப்பம், எத்தனை வருடம் ஆகும் என்று சொல்ல முடியாது. அரை நாள் லீவு போட்டுவிட்டுக் குடியேற்ற அலுவலகத்துக்குப் போய், எண் எழுதிய சீட்டை வாங்கி, இரண்டரை மணி நேரம் உட்கார்ந்தேன். கண்ணாடிக்குப் பின்னால் இருந்தவரிடம் கூடுதல் காலத்துக்கு அனுமதி வேண்டும் என்றேன். அதற்குத் தனிப் படிவம் உண்டு, ஆனால் ஊரைவிட்டுப் போகும் முன்பே இங்கிருந்து கொடுக்க வேண்டும் என்றார். "போகும்போது திரும்ப வரமாட்டாள் என்று எனக்குத் தெரியாதே" என்று உளறினேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, வரமாட்டாரா, அல்லது தாமதமாக வருவாரா என்று கேட்டார். "தாமதம்தான், தாமதம்தான்" என்றேன். எங்கே இருக்கிறார் என்றார். அம்மா வீட்டில் என்றேன். பெரிய மனுஷிக்கு அம்மா வீட்டில் ஒரு வருடம் என்ன வேலை என்பது அவருக்குக் கடைசிவரை விளங்கவில்லை.

கெடு ஆகஸ்ட் இரண்டாவது வாரம். தென்காசிப் பஞ்சாங்கத்தில் அது ஆடி மாதத்துக் கடைசி. ஆவணி பிறக்க ஐந்து நாள் பாக்கி. ஆடியில் பெண்ணை வீட்டைவிட்டு அனுப்ப மாட்டார்கள். அங்கே ஒரு சர்க்கார், இங்கே ஒரு சர்க்கார். எவரும் ஐந்து நாள் விட்டுக்கொடுக்கிற மாதிரி இல்லை.

6

குமாரனுக்குக் கோடை லீவு விட்டும் எனக்கு லீவு கிடைக்கவில்லை. ஜூலை நடுவில்தான் கிளம்ப முடிந்தது. நாங்கள் தென்காசியில் இறங்கியபோது நல்ல சாரல். மாமா பஸ் ஸ்டாண்டுக்கே வந்திருந்தார். தாலுகா ஆபீஸில் ஹெட் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர், யாரையும் கடிந்து பேசமாட்டார். "வாங்க மாப்ளே, பிரயாணம் சௌரியமா?" என்று கேட்டாரே ஒழிய, மகள் ஏன் ஒரு வருடமாக இங்கே இருக்கிறாள் என்று அவரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அத்தை கதவுக்குப் பின்னால் நின்றே பேசினாள். மாப்பிள்ளைக்கு நேரே நின்று பேசுவது அந்த வீட்டில் வழக்கமில்லை. கோமதி இலை போட்டாள், பரிமாறினாள், போய்விட்டாள்.

மூன்று நாள் பார்த்தேன். தனியாகப் பேச ஆளே அகப்படவில்லை. சரி, வாயால் சொல்லி என்ன, செய்து காட்டிவிடுவோம் என்று முடிவு செய்தேன். என் புத்தியை எதால் அடிப்பது? ஒஹாயோவிலிருந்து ஈஸ்ட் பொட்டலம் கொண்டுபோயிருந்தேன். மைதாவும் தக்காளியும் வாங்கினேன். டின்னில் அடைத்த சீஸ் குற்றாலத்தில் ஒரு கடையில் கிடைத்தது. ரொட்டிக் கடைக்காரரிடம், காலை ரொட்டி எடுத்தபிறகு அவருடைய அடுப்பில் ஒரு தட்டு வைத்துக்கொள்ளச் சம்மதம் வாங்கினேன். காலை பத்து மணிக்கு மாமா கோயிலுக்குப் போயிருந்தார், கோமதி வள்ளியைப் பள்ளிக்கூடத்தில் விடப் போயிருந்தாள். நான் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அடுக்களைக்குள் போய், அண்டா மாதிரி ஒரு பாத்திரத்தை எடுத்து வைத்து மாவு பிசைய ஆரம்பித்தேன்.

அத்தை பார்த்துவிட்டாள். "ஐயோ, என்ன மாப்பிள்ளை இது, என்ன வேணும்னு சொன்னா நான் செஞ்சு தர மாட்டேனா?" என்றாள். "நீங்க போங்கத்தை, நான் பாத்துக்கிடுதேன்" என்றேன். அவள் போய்க் கிணற்றடியில் நின்றுகொண்டாள். முந்தானையால் கண்ணைத் துடைப்பது ஜன்னல் வழியாகத் தெரிந்தது. சந்தோஷக் கண்ணீர் என்று நினைத்துக்கொண்டேன்.

மாவும் சும்மா இருக்கவில்லை. ஒஹாயோவில் இரண்டு மணி நேரம் எடுக்கிற மாவு தென்காசியில் முக்கால் மணியில் பொங்கி, துணியைத் தூக்கிக்கொண்டு வெளியே வழிய ஆரம்பித்தது. நான் அதைக் குத்தி உள்ளே தள்ளிக்கொண்டிருந்தபோது மாமா வந்துவிட்டார். கூடவே அவருடைய சிநேகிதர் ஒருவர், ஊரில் எல்லாருக்கும் அவர் அண்ணாச்சி. முழங்கை வரை மாவோடு நான் நிற்கிறேன். அண்ணாச்சி என்னைப் பார்த்தார், மாமாவைப் பார்த்தார், "பொறவு வாரேன்" என்று சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டினார். அதே நேரத்தில் கோமதி உள்ளே நுழைந்தாள்.

மாமா என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. மகளிடம் திரும்பினார். "ஏட்டி, ஒம் புருசனை என்ன நெலமையில வச்சிருக்க? நீ அங்க போகமாட்டேன்னு இங்கன உக்காந்திருக்க, அவரு அடுப்படியில வந்து நிக்காரு. நாளைக்கு ஊர்ல நான் எப்பிடி நடமாட?"

கோமதி என் கையிலிருந்து பாத்திரத்தை வாங்கினாள், வெந்நீர் ஊற்றி என் கையைக் கழுவச் சொன்னாள், அடுக்களைக்குள் போய்க் கதவை ஒருக்களித்துவிட்டாள். அவள் சுமையைக் குறைக்க நான் கற்றுக்கொண்ட வேலை அவள் தலையிலேயே பழியாக விழுந்துவிட்டது. சமைத்தவன் நான், ஏச்சு வாங்கியவள் அவள். அன்று மத்தியானம் அத்தை அந்த மாவை எண்ணெயில் போட்டுப் பூரியாகச் சுட்டாள். ஒவ்வொன்றும் பலூன் மாதிரி ஊதியது. எனக்கு ஒரு வாய் இறங்கவில்லை. கோமதிக்கும் வள்ளிக்கும் எடுத்த டிக்கெட்டைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டியதுதான் என்று நினைத்தேன்.

7

இரண்டு நாள் கழித்துக் கோமதியே சொன்னாள். "குமாரன் அருவியே பாக்கலை. ஐந்தருவிக்குப் போயிட்டு வருவோமா?"

டவுன் பஸ்ஸில் போனோம். வார நாள், கூட்டம் கம்மி. பெண்கள் பக்கம் கோமதியும் வள்ளியும் போனார்கள், ஆண்கள் பக்கம் நானும் குமாரனும். பையன் முதலில் தண்ணீர் அடிக்கிற அடியைப் பார்த்துப் பயந்தான். உள்ளே இழுத்து விட்டதும் வெளியே வரமாட்டேன் என்றான். வள்ளி வந்து, "ஏலே, வெளிய வாலே, கொரங்கு பாக்கலாம்" என்று அவன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். அந்த மொழி அவனுக்கு மூன்றே நாளில் புரிய ஆரம்பித்திருந்தது. நானும் கோமதியும் டீக்கடைக்குப் பக்கத்தில் பாலத்துச் சுவரில் உட்கார்ந்தோம். அவள் தலைமுடியைப் பிழிந்துகொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்.

"அந்த மாவு அங்கன எம்புட்டு நேரம் பொங்கணும்?"

"ரெண்டு மணி நேரம். ஹீட்டர் பக்கத்துல வச்சா ஒண்ணரை."

"உள்ள வைக்கிற தக்காளியைச் சூடா வைக்கலாமா?"

"ஒருக்க வச்சேன். அடிப்பக்கம் பூரா நனைஞ்சு பிஞ்சு போச்சு. இப்பம்லாம் முந்தின நாளே வச்சு ஆறப் போட்டுருவேன்."

அவள் முடியைப் பிழிவதை நிறுத்தினாள். "முந்தின நாளேவா?"

"முந்தின நாளே."

"ஓரம் பிரியாம எப்பிடி ஒட்டுவீங்க?"

"தண்ணி தொட்டு மடிச்சு, முள்கரண்டியால அமுக்கணும். ஓரத்துல ஒரு விரல் அகலம் சும்மா விடணும். சீஸ் பட்டா ஒட்டாது."

"முழுசா வேக விட்டா ஃப்ரீசர்ல போடுவீங்க?"

"முக்கால் வேக்காடு. செவக்கதுக்கு முந்தி எடுத்துரணும். இல்லைன்னா மறுபடி சூடு பண்ணும்போது செங்கல்லாப் போயிரும்."

இவள் என்ன, ஹெட் கிளார்க் மகள் என்பதைக் காட்டுகிறாளே என்று நினைத்தேன். பிறகுதான் புரிந்தது. தென்காசியில் ஒருநாள் மாவு பிசைந்து நாடகம் போட யாராலும் முடியும். உண்மையில் செய்தவனுக்கு மட்டும் தெரிவதை அவள் ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"தட்டை யாரு கழுவுனா?"

"ஒரு வாரம் நான், ஒரு வாரம் குமாரன். சீஸ் பிடிச்சா லேசுல போகாது, ஊறப் போடணும். கம்பி நார் போட்டுத் தேய்ச்சு ரெண்டு தட்டைக் கீறிட்டேன். ஒண்ணு அந்தப் பெரிய தட்டு."

"ஆஸ்பத்திரியில எனக்குக் கிறிஸ்துமஸுக்குக் கொடுத்தாங்களே, அதா?"

"அதுதான்."

"நாசமாப் போச்சு" என்றாள். ஆனால் அவள் உதடு சிரித்தது. உடனே அந்தச் சிரிப்பு போய்விட்டது.

"போன வருசம் மார்ச் மாசம் எனக்குக் காய்ச்சல் வந்துதே, நெனவிருக்கா?"

"ஃப்ளூ."

"நூத்தி மூணு டிகிரி. வேலைக்குப் போகலை. சொவரைப் பிடிச்சுக்கிட்டே நின்னு சோறு வச்சேன். நீங்க வந்து உக்காந்தீங்க. சோத்தைத் தொட்டுப் பாத்துட்டு, இது இன்னைக்கு வச்சதான்னு கேட்டீங்க."

எனக்கு ஞாபகமே இல்லை. அதையும் அவளே சொன்னாள். "உங்களுக்கு நெனவிருக்காதுன்னு எனக்குத் தெரியும். அதான் எனக்குத் தாங்கலை. கல்யாணத்துக்குன்னு டிக்கெட் போடும்போதே, திரும்பி வாரதில்லைன்னுதான் வந்தேன்."

"தப்புதான் கோமதி" என்றேன். பன்னிரண்டு வருடக் கல்யாணத்தில் அந்த வார்த்தையை அவளிடம் சொன்னது அதுதான் முதல் தடவை. அழுதேன். டீக்கடைக்காரர் பார்த்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். கோமதி என்னைத் தேற்றவில்லை, எழுந்து போகவும் இல்லை. கொஞ்ச நேரம் கழித்துத் துண்டை எடுத்து மடியில் போட்டாள். "மூக்கைத் துடைங்க. பிள்ளைங்க வருது" என்றாள். வருவேன் என்றோ மாட்டேன் என்றோ சொல்லவில்லை. பஸ்ஸில் வரும்போது வள்ளி என் மடியிலும் குமாரன் அவள் தோளிலும் தூங்கினார்கள்.

அன்று சாயங்காலம் மாமாவே பேச்சை எடுத்தார். "மாப்ளே, ஆவணி ஒண்ணாந்தேதி நானே மெட்ராஸ் வந்து ஏத்தி விடுதேன். அஞ்சு நாள்ல என்ன குடி முழுகிப் போகுது?" நான் அட்டைச் சமாச்சாரத்தை விளக்க ஆரம்பித்தேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டே கேட்டார், ஒன்றும் ஏறவில்லை. அப்போது கோமதி அடுக்களையிலிருந்து வெளியே வந்து நின்றாள்.

"நான் ஆடியிலயே போறேன்பா."

அத்தை கதவுக்குப் பின்னாலிருந்து, "ஆடி மாசம் பிள்ளையை அனுப்புனா ஊர் என்னட்டி சொல்லும்?" என்றாள்.

"ஒரு வருசமா புருசன் வீட்டுக்குப் போகாம இருக்காளேன்னு ஊர் சொல்லிக்கிட்டுத்தானம்மா இருக்கு. இதையும் சேத்துச் சொல்லட்டும்" என்றாள் கோமதி.

எனக்கு மூச்சு வந்தது. ஆறு மாதமாக நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்த ஒன்று இறங்கிப் போனது. அப்படியே முன்கட்டுத் தார்சாவில், மாமா எதிரிலேயே, சாய்ந்து படுத்துவிட்டேன்.

8

நியூயார்க் விமான நிலையத்தில் அதிகாரி கோமதியின் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, விரலை விட்டு மாதங்களை எண்ணினார். கெடுவுக்கு ஆறு நாள் இருந்தது. இத்தனை நாள் எங்கே இருந்தாய் என்று கேட்டார். "அம்மா வீட்டில்" என்றாள். அவர் முத்திரையைக் குத்தினார். நான் அவர் கையைப் பிடித்துக் குலுக்கியதில் அவருக்கே வெட்கமாகப் போய்விட்டது.

வீடு வந்து சேர்ந்து தூங்கினோம். காலையில் நான் எழுந்தபோது கோமதி ஏற்கெனவே சமையலறையில் இருந்தாள். மணி ஐந்து. பழைய நேரம், பழைய இடம். அரிசி டின்னைத் திறந்து வைத்து, கையில் ஆழாக்கோடு நின்றாள். என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் ஃப்ரீசரைத் திறந்து பையை எடுத்து, ஆறு பாக்கெட்டுகளைத் தட்டில் வைத்து அடுப்பில் தள்ளினேன். இருபது நிமிடம் ஆகும். அந்த இருபது நிமிடமும் அவள் ஆழாக்கைக் கீழே வைக்கவில்லை.

ஒன்றை எடுத்து என் தட்டில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

"எப்பம் செஞ்சது?" என்றாள்.

"ஜூன் மாசம். ரெண்டு மாசத்துக்கு மேல ஆச்சு."

கடித்தேன். சீஸ் நாக்கைப் பொசுக்கியது. அவள் பார்த்துக்கொண்டே நின்றாள். ஒரு துணுக்கு மிச்சம் வைக்காமல் தின்று முடித்தேன்.

கோமதி ஆழாக்கை டின்னுக்குள் போட்டு மூடினாள். எனக்கு எதிரே இருந்த நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

"எனக்கு ரெண்டு வைங்க" என்றாள்.